சங்கிலிக்கு ஆணை பிறப்பித்தவர் யார்?

எங்கள் ஏழாயிரம்பண்ணை வட்டாரத்தில் தீயின் குணம் சிறு பிள்ளைகளுக்கும் தெரியும். தீப்பெட்டி ஆபீசுக்கோ பட்டாசு ஆலைக்கோ புதிதாக வேலைக்குப் போகிறவருக்கு மூத்தோர் சொல்லியனுப்பும் முதற்பாடம் ஒன்றுதான்: பொறி பட்டால் கையில் இருப்பதைப் போட்டுவிட்டு வாசலைப் பார்த்து ஓடு. ஓடியும் தப்பாதவர்கள் இங்கே பலர். அவர்களில் சிலருக்கு ஜனாஸா தொழவைத்திருக்கிறேன். அண்டை வீட்டுச் சகோதர சமயத்தார் சிலரின் இறுதி ஊர்வலத்தில் உடன் நடந்திருக்கிறேன். ஆனால் 2001-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 6-ஆம் நாள் இராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடியிலிருந்து வந்த செய்தி, தீயோடு பழகிய எங்களையும் வாயடைக்கச் செய்தது. அங்கே இறந்தவர்களுக்குக் கால்கள் இருந்தன. ஓடத்தான் முடியவில்லை.

பொழுது புலரும் நேரம். மொய்தீன் பாதுஷா மனநலக் காப்பகம் என்ற பெயரில் நடந்துவந்த ஓலைக் கொட்டகையில் தீப்பற்றியது. உள்ளே நாற்பதுக்கு மேற்பட்டோர் இருந்தனர். பெரும்பாலோர் சங்கிலியால் பிணிக்கப்பட்டிருந்தனர். அன்று எண்ணப்பட்ட உடல்கள் 25. இறுதிக் கணக்கு 28. செய்தித்தாள்களில் வெளிவந்ததைக் கொண்டு உச்ச நீதிமன்றம் தானாகவே எடுத்த வழக்கின் தலைப்பில் 25 என்ற எண்ணே நிலைத்துவிட்டது. எஞ்சிய மூவரும் வழக்கின் பெயருக்குள்ளும் இடம்பெறாமல் போயினர்.

(நெல்லைப் பகுதியிலும் ஓர் ஏர்வாடி உண்டு, நான் குறிப்பிடுவது சுல்தான் சையிது இபுறாகீம் ஷஹீத் அவர்கள் அடங்கியுள்ள கடற்கரை ஏர்வாடியை. தீப்பிடித்த கொட்டகை தர்காவைச் சார்ந்த இடமன்று, தனியார் ஒருவர் நடத்தியது என்பதையும் வாசகர்கள் நினைவில் கொள்ள வேண்டும்.)

இத்துயரத்தைப் பற்றி அந்நாளில் எழுதாதவர் இல்லை. மூடநம்பிக்கை என்றார் சிலர். பேராசை என்றார் சிலர். எனக்கோ வேறொரு வினா எழுந்தது. ஒரு மனிதனை அவன் விருப்பத்துக்கு மாறாக அடைத்துவைப்பது சிறிய செயலன்று. திருடனைச் சிறையில் வைக்கவும் நீதிபதியின் கையெழுத்து வேண்டும். அப்படியானால் இந்த 28 பேரையும் அடைத்துவைக்க ஆணை பிறப்பித்தவர் யார்?

நம் நாட்டில் இதற்கென ஒரு நீண்ட சட்ட வரலாறு உண்டு. கும்பினி ஆட்சிக் காலத்தில், 1794-இல், வாலண்டைன் கொனொலி என்னும் மருத்துவர் சென்னையில் பதினாறு பேருக்கான ஒரு காப்பகத்தைத் தொடங்கினார். சிப்பாய்ப் புரட்சி அடங்கிய 1858-இல் இது குறித்து மூன்று சட்டங்கள் ஒருசேர இயற்றப்பட்டன. இன்று கீழ்ப்பாக்கத்தில் இருக்கும் மருத்துவமனை 1871-இல் பைத்தியக்கார விடுதி என்ற பெயரோடு திறக்கப்பட்டது. 1922-இல்தான் அது மனநல மருத்துவமனை என்னும் கண்ணியமான பெயரைப் பெற்றது. இடையே 1912-இல் லூனசி சட்டம் வந்தது. அச்சட்டத்தின் சொற்கள் கடுமையானவை. அதன் கண்ணுக்கு நோயாளி ஓர் ஆபத்து. ஆயினும் ஒன்றில் அது கவனமாயிருந்தது. சொத்துக்கு ஆசைப்பட்டு நல்ல மனிதனைப் பைத்தியமென்று அடைத்துவிடும் உறவினரை அது அஞ்சியது. ஆகவே உறவினரின் மனு வேண்டும், இரு மருத்துவர்களின் சான்று வேண்டும், மாஜிஸ்திரேட்டின் ஆணை வேண்டும் என்று விதித்தது. மாதந்தோறும் சென்று பார்க்கப் பார்வையாளர்களையும் நியமித்தது. நாடு விடுதலை பெற்று நாற்பது ஆண்டுகள் கழித்து, 1987-இல் மனநலச் சட்டம் இயற்றப்பட்டது; 1993 ஏப்ரலில்தான் நடைமுறைக்கு வந்தது. காப்பகம் நடத்த உரிமம் வேண்டும் என்றும், நோயாளியை இழிவுக்கோ கொடுமைக்கோ உள்ளாக்கலாகாது என்றும் அது கூறியது.

இத்தனை சட்டங்களும் மருத்துவமனையின் வாசலில் நின்றுகொண்டு உள்ளே வருபவனிடம் தாளைக் கேட்டன. அந்த வாசலுக்கே வராதவனை அவை பார்க்கவில்லை. ஏர்வாடிக் கொட்டகைகளில் இருந்தோர் எவர் ஆணையாலும் அடைக்கப்பட்டவர் அல்லர். அண்ணன் கொண்டுவந்து விட்டார்; கணவர் கொண்டுவந்து விட்டார்; மாதப் பணம் பேசி முடிக்கப்பட்டது. ஆணை இல்லாததால் அது முடியும் நாளும் இல்லை. சான்றளித்த மருத்துவர் இல்லாததால் மறுபடி வந்து பார்க்க வேண்டிய மருத்துவரும் இல்லை. கனவில் உத்தரவு வரும்வரை இருக்கட்டும் என்பார்கள். சிலரை விட்டுச் சென்றவர்கள் பணம் அனுப்புவதை நிறுத்தினார்கள். பிறகு கடிதம் எழுதுவதையும் நிறுத்தினார்கள்.

குடும்பத்தாரைக் குறைகூறுவது எளிது. எங்கள் ஊரில் தீப்பெட்டி ஆபீசில் வேலை செய்து பிழைத்த கைம்பெண் ஒருவர் இருந்தார். அவருடைய இளைய மகனுக்கு இருபது வயதில் மனம் கலங்கியது. இரவெல்லாம் தெருவில் நடப்பார். ஒருமுறை மருந்து இடிக்கும் அறைப் பக்கம் பீடியோடு போய்விட்டார். எங்கள் ஊரில் அதைவிடப் பெரிய அச்சம் வேறில்லை. வீட்டில் மணமாகாத ஒரு பெண்ணும் இருந்தாள். அரசின் மனநல மருத்துவமனை இருந்ததோ சென்னையில். தொலைவு மட்டுமன்று, அந்த ஊரின் பெயரைச் சொன்னாலே பெண் கேட்டு வருபவர்கள் திரும்பிப் போய்விடுவார்கள். ஏர்வாடிக்குப் போகிறோம் என்றாலோ ஜியாரத்துக்குப் போகிறார்கள் என்றுதான் ஊர் எண்ணும். 1999-இல் தாயும் மூத்த மகனும் அவரை அழைத்துச் சென்று ஒரு கொட்டகையில் விட்டுவந்தனர். எட்டு மாதங்கள். பிறகு பணம் கட்ட இயலாமற்போகவே அழைத்து வந்துவிட்டனர். வறுமை அந்தப் பிள்ளையைக் காத்தது என்றுதான் நான் எண்ணுகிறேன். 2001 ஆகஸ்டில் அந்த அம்மாள் செய்தித்தாளை முந்தானையில் சுற்றிக்கொண்டு மதரஸாவுக்கு வந்தார். அவருக்குப் படிக்கத் தெரியாது. “ஹஜ்ரத், என் பிள்ளை இருந்த இடமா இது, பார்த்துச் சொல்லுங்கள்” என்றார். அந்த இடமன்று, வேறொன்று. அதைச் சொன்ன பிறகும் அவர் எழுந்திருக்கவில்லை.

அன்றிரவு என் பழைய பாட நூல்களைப் புரட்டினேன். அறிவுக்கு அரபியில் ‘அக்ல்’ என்று பெயர். அதன் மூலச்சொல்லுக்கு ஒட்டகத்தின் முன்காலை மடக்கிக் கட்டுதல் என்று பொருள். கட்டும் கயிறு ‘இகால்’. மனிதனை அலையவிடாமல் உள்ளிருந்து பிடித்து நிறுத்துவது அறிவு என்பது மொழியறிஞர் தரும் விளக்கம். உள்ளே இருந்த கயிறு அறுந்தவனுக்கு வெளியே இரும்பைப் பூட்டுவது மனிதர்களுக்கு எளிதாகத் தோன்றியிருக்கிறது போலும். ஃபிக்ஹு நூல்களில் ‘ஹஜ்ரு’ என்றொரு பாடம் உண்டு. சித்தம் கலங்கியவரின் கொடுக்கல் வாங்கலைத் தடுத்து, அவர் உடைமையைப் பாதுகாக்கும் சட்டம் அது. ஊதாரி என்பதற்காகச் சுயபுத்தியுள்ள வளர்ந்தவரைத் தடுத்துவைக்கலாகாது என்று இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் தனித்து நின்று வாதிட்டதை நாங்கள் மனனம் செய்திருந்தோம். ஆனால் அந்த மனிதரின் உடலைக் கட்டலாமா என்ற வினாவை நான் ஓதிய வகுப்பில் எவரும் எழுப்பவில்லை. நானும் கேட்கவில்லை.

மேடைகளில் நாம் மாரிஸ்தான்களைப் பற்றிப் பெருமையாகப் பேசுகிறோம். பேசத் தகுந்தவைதாம். நூருத்தீன் ஸங்கி 1154-இல் திமிஷ்கில் கட்டிய மருத்துவமனையும், சுல்தான் கலாவூன் 1284-இல் காஹிராவில் எழுப்பிய மருத்துவமனையும் மனநோயாளருக்கும் மருத்துவம் தந்தன. வக்ஃபு வருமானத்தால் உணவும் மருந்தும் அளித்தன. எதிர்னேயில் அவர்களுக்கென இசை வாசிக்கப்பட்டதை எவ்லியா செலெபி எழுதிவைத்தார். ஆயினும் ஹிஜ்ரி 580-இல் திமிஷ்குக்கு வந்த அந்தலூஸியப் பயணி இப்னு ஜுபைர், அங்கே அடைத்துவைக்கப்பட்ட பித்தர்களுக்கு ஒருவகை மருத்துவம் நடப்பதையும், அவர்கள் சங்கிலிகளில் பிணிக்கப்பட்டிருந்ததையும் ஒருசேரப் பதிவு செய்கிறார். முதற்பாதியை மட்டும் மேடையில் சொல்லிவிட்டு இறங்குவது நேர்மையாகாது.

இதைவிட என் நெஞ்சில் தைத்தது புகாரியில் ஆயிஷா (ரலி) அவர்கள் அறிவிக்கும் நிகழ்ச்சி. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் இறுதி நோயின்போது, வீட்டார் வாயின் ஓரத்தில் ஒரு மருந்தை ஊற்றினர். வேண்டாமென்று பெருமானார் சைகை காட்டினார்கள். நோயாளிக்கு மருந்தென்றால் வெறுப்புத்தானே என்று வீட்டார் தமக்குள் எண்ணிக்கொண்டனர். தெளிவு வந்ததும், தாம் தடுத்திருந்தும் ஏன் செய்தீர்கள் என்று கேட்டு, அப்போது அங்கில்லாத அப்பாஸ் (ரலி) அவர்கள் நீங்கலாக, வீட்டிலிருந்த அனைவர் வாயிலும் தம் கண்முன்னே அதே மருந்தை ஊற்றச் செய்தார்கள். நோயாளிக்கு என்ன தெரியும் என்ற பேச்சை, அன்பின் பெயரால் நடந்தபோதுகூட, பெருமானார் ஏற்கவில்லை.

தீவிபத்துக்குப் பின் வேலைகள் விரைந்து நடந்தன. ஆகஸ்ட் 13-இல் ஏர்வாடிக் காப்பகங்கள் மூடப்பட்டன. ஐந்நூறுக்கு மேற்பட்டோரை அரசு ஏற்றது. ராமதாஸ் தலைமையில் விசாரணை ஆணையம் அமைந்தது. 2002 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், அரசு மனநல மருத்துவமனை இல்லாத மாநிலம் இருக்கலாகாது என்றது. சங்கிலியிடுதல் சட்டவிரோதம் என்பதையும், நோயாளிகளைக் கோயிலுக்கும் தர்காவுக்கும் அன்றி மருத்துவரிடமே அனுப்ப வேண்டும் என்பதையும் கிராமங்கள்தோறும் பரப்பச் சொன்னது. தர்காவின் பெயரை எடுத்ததற்காக நம்மவரில் சிலர் மனம் நொந்தனர். எனக்கு வருத்தமில்லை. துஆவுக்கு எவரும் தடை போடவில்லை; மருந்தை மறுக்கும் துஆவைத்தான் கேள்வி கேட்டனர். காப்பகத்தை நடத்தியவருக்கும் அவர் மனைவிக்கும் உறவினர் இருவருக்கும் 2007-இல் ஏழாண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது.

ஆனால் என் வினாவுக்கு விடை 2017-இன் மனநலப் பராமரிப்புச் சட்டத்தில்தான் கிடைத்தது. 2018-இல் அது நடைமுறைக்கு வந்தது. எந்த வகையிலும், எந்த வடிவத்திலும் சங்கிலி கூடாது என்று அதன் 95-ஆம் பிரிவு சொல்கிறது. விருப்பத்துக்கு மாறாகச் சேர்ப்பதானால், தனக்கோ பிறருக்கோ தீங்கு நேரும் நிலையோ, தன்னைப் பேணிக்கொள்ள இயலாது ஆபத்துக்குள்ளாகும் நிலையோ உண்டென்று இருவர் தனித்தனியே சோதித்துச் சொல்ல வேண்டும். அவ்விருவரில் ஒருவர் மனநல மருத்துவராக இருக்க வேண்டும். முதலில் 30 நாள்களுக்கு மேல் வைத்திருக்க இயலாது. சேர்த்த செய்தி ஏழு நாள்களுக்குள், பெண்ணாகவோ சிறாராகவோ இருந்தால் மூன்று நாள்களுக்குள், மனநல மறுஆய்வு வாரியத்துக்குப் போக வேண்டும். நோயாளியே அந்த வாரியத்திடம் முறையிடலாம், கட்டணம் இல்லை. இத்தனை நடைமுறைகளும் வீட்டாருக்குச் சுமை என்று மருத்துவர்களிலும் சிலர் குறைகூறுகின்றனர். அதில் உண்மையில்லாமல் இல்லை. நள்ளிரவில் ஒரு தாய் தனியாக என்ன செய்வாள்? எனினும் முந்தைய சட்டங்கள் கேட்காத ஒன்றை இச்சட்டம் கேட்கிறது: நோயாளி என்ன சொன்னார்? தெளிவாக இருக்கும் காலத்தில், மீண்டும் நோய் வந்தால் தமக்கு எப்படி மருத்துவம் செய்யலாம், எப்படிச் செய்யலாகாது என்று அவர் எழுதிவைக்கலாம். தமக்காகப் பேசும் பிரதிநிதியை வெள்ளைத் தாளில் எழுதிக் கையெழுத்தோ கைரேகையோ இட்டு நியமிக்கலாம்.

சட்டம் வந்ததும் சங்கிலி மறைந்துவிடவில்லை. 2019 ஜனவரியில் உத்தரப் பிரதேசத்துப் பதாயூனில் நோயாளிகள் சங்கிலியில் கிடந்தது மீண்டும் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தது. வீட்டுக் கொல்லைகளில் இருப்பவை எந்த நீதிமன்றத்துக்கும் வருவதில்லை.

நான் குறிப்பிட்ட அந்தப் பிள்ளைக்கு இப்போது நாற்பத்தைந்தைத் தாண்டிவிட்டது. விருதுநகர் அரசு மருத்துவமனை மாத்திரை. ஊரிலேயே ஒரு கடையில் வேலை. தாயார் மறைந்துவிட்டார். பள்ளிவாசல் ஹவுளில் ஒளுச் செய்யும்போது எல்லோருக்கும் கடைசியில் ஓர் ஓரமாக அமர்வார். ஒளுவில் கால்களைக் கணுக்கால் வரை கழுவ வேண்டும். வடு இருப்பதும் அங்கேதான்.

சென்ற ரமளானில் அஸருக்குப் பின் ஒரு வெள்ளைத் தாளோடு என்னிடம் வந்தார். பிரதிநிதியாகத் தம் தங்கையின் பெயரை எழுதச் சொன்னார். அண்ணனைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. எழுதி முடித்ததும், மற்றொரு தாளில் ‘என்னைக் கட்டக் கூடாது’ என்றும் எழுதித் தருமாறு கேட்டார். சட்டமே அதைத் தடுத்துவிட்டது, தனியாக எழுத வேண்டியதில்லை என்று விளக்கினேன்.

“இருக்கட்டும் ஹஜ்ரத், எழுதுங்கள்” என்றார்.

எழுதிக் கொடுத்தேன்.