வலைக்கு முன்னால் ஒரு வக்கீல்

இதாகாவுக்குப் படிக்க வந்த முதல் குளிர்காலம். பக்கத்து அறை கனடாக்காரன் கதவைத் தட்டி, "ஹார்வர்டுக்காரங்க மேல மீன் எறியப் போறாங்க, வர்றியா?"ன்னு கேட்டான். விளையாடறான்னு நினைச்சேன். நிஜமாவே எறிஞ்சாங்க மக்களே. ஹார்வர்ட் அணி லைனா அரங்கத்துக்குள்ள நுழைஞ்சதும் நாலாபக்கமும் இருந்து செத்த மீன் பறந்து வந்து பனித்தளத்துல விழுந்தது. நாத்தம் வேற. இது பல வருஷத்து வழக்கமாம் :-)

அதுவரைக்கும் ஹாக்கின்னா எனக்குத் தன்ராஜ் பிள்ளைதான். ஐஸ் ஹாக்கியில கட்டைக்கும் மட்டைக்கும் நடுவுல என்ன நடக்குதுன்னே புரியல. இடைவேளையில கனடாக்காரன் 1-ம் எண்ணைப் பத்திச் சொன்னான். 2010-ல கார்னெல் அந்த எண்ணுக்கு ஓய்வு குடுத்துருச்சு, இனிமே அதை யாரும் போட முடியாது. "கென் ட்ரைடன். இங்க நின்னுதான் ஆரம்பிச்சான்"னான். அன்னிக்கு ராத்திரி தேட ஆரம்பிச்சவன்தான்.

விஷயம் தெரியாதவங்களுக்கு ஒரு வரி. கோல் வலை 6 அடி அகலம், 4 அடி உயரம். பக் என்பது கெட்டியான ரப்பர் வட்டு, சுமார் 170 கிராம். மணிக்கு நூறு மைலை நெருங்கி அது வரும்போது நகராம நிக்கிறவன்தான் கோல்கீப்பர். நம்ம விக்கெட் கீப்பருக்குக் கையுறையில வந்து விழும். இவனுக்கு மார்பு, முழங்கால், முகமூடின்னு எங்க வேணா விழும்.

ட்ரைடன் 1947-ல் ஹாமில்டனில் பிறந்து டொரன்டோ பக்கம் வளர்ந்தவர். அண்ணன் டேவும் கோல்கீப்பர்தான். 1964-ல், ட்ரைடனுக்கு 16 வயசு இருக்கும்போது, பாஸ்டன் ப்ரூயின்ஸ் அணி அவரை 14-வது ஆளாகத் தேர்ந்தெடுத்தது. சில நாட்களிலேயே மான்ட்ரியல் கனேடியன்ஸுக்குத் தள்ளிவிட்டது. பதிலுக்கு வாங்கிய ரெண்டு பேரும் கடைசிவரை என்.ஹெச்.எல்.-ல் ஒரு ஆட்டம்கூட ஆடவில்லை. இதுல வேடிக்கை, தன்னை முதலில் எடுத்தது பாஸ்டன் என்பதே ட்ரைடனுக்குப் பத்து வருஷம் கழிச்சுத்தான் தெரியுமாம்.

அந்தக் காலத்தில் கனடாப் பையன் பெரிய ஆட்டக்காரன் ஆக ஒரே வழி, பதினாறு பதினேழு வயசுல ஜூனியர் அணியில் சேர்ந்து ஊர் ஊராகப் பேருந்தில் சுத்துவது. படிப்பு அவ்வளவுதான். அமெரிக்கக் கல்லூரிக்குப் போகிறவனை "படிக்கிற பையன், இவனுக்கு எதுக்கு இது" என்றுதான் பார்த்தார்கள். ட்ரைடன் ஜூனியர் வழியை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, வரலாறு படிக்க கார்னெலுக்கு வந்தார். நம்ம வீட்ல "முதல்ல டிகிரிய முடி, அப்புறம் எதுவேணா பண்ணு"ன்னு சொல்வாங்கள்ல, அதை ஒருத்தன் தானாகவே செஞ்சதை நான் இப்பத்தான் பார்க்கிறேன்.

முதல் வருஷ மாணவர்கள் பிரதான அணியில் ஆடக்கூடாது என்பது அப்போதைய விதி. மீதி மூணு வருஷத்தில் அவர் கணக்கு: 76 வெற்றி, 4 தோல்வி, 1 சமன். 1967-ல் பாஸ்டன் பல்கலைக்கழகத்தை 4-1 என்று வீழ்த்தி கார்னெல் தேசிய சாம்பியன். 1969 இறுதி ஆட்டத்தில் மட்டும் டென்வரிடம் 4-3 தோல்வி. (அவர் போன அடுத்த வருஷம் கார்னெல் 29 ஆட்டத்திலும் ஜெயித்தது. அது வேற கதை!)

பட்டம் வாங்கியதும் ஓடிப்போய் கனேடியன்ஸில் சேர்ந்தாரா? இல்லை. வின்னிபெக்கில் கனடா தேசிய அணிக்கு ஆடிக்கொண்டே சட்டம் படித்தார். 1970-ல் அந்த அணியைக் கலைத்துவிட்டார்கள். உடனே மான்ட்ரியல் வந்து மெக்கில் பல்கலைக்கழகத்தில் சட்டம், கூடவே இரண்டாம் நிலை அணியான வாயேஜர்ஸில் ஆட்டம்.

1971 மார்ச்சில் மேலே கூப்பிட்டார்கள். ஆறு ஆட்டம், ஆறும் வெற்றி. அதில் மார்ச் 20 அன்று எதிர்ப்பக்க வலையில் நின்றது பஃபலோ அணியின் டேவ், அதாவது சொந்த அண்ணன்! என்.ஹெச்.எல்.-ல் அண்ணன் தம்பி கோல்கீப்பர்கள் நேருக்கு நேர் நின்றது அதுவே முதல் தடவை.

அடுத்து நடந்ததுதான் நான் ராத்திரி தூங்காம படிச்ச பகுதி. பிளே-ஆஃப் முதல் சுற்றில் எதிரி பாஸ்டன். அந்த வருஷம் 399 கோல் போட்ட அணி. ஃபில் எஸ்போசிட்டோ மட்டும் 76. பாபி ஓர் வேற. இவங்க முன்னாடி, மொத்தமே ஆறு ஆட்டம் ஆடிய சட்டக்கல்லூரி மாணவனை நிறுத்தினார் பயிற்சியாளர் அல் மெக்நீல். அனுபவசாலி ரோஜி வாஷான் பெஞ்சில். இரண்டாவது ஆட்டத்தில் 5-1 என்று பாஸ்டன் முன்னிலை. கதை முடிஞ்சதுன்னு எழுந்து போயிருப்பாங்க பாதிப்பேர். மான்ட்ரியல் 7-5 என்று ஜெயித்தது. தொடர் ஏழாவது ஆட்டம் வரை போய், பாஸ்டன் மண்ணிலேயே 4-2. ஆறடி நாலங்குல ஆள், கையும் காலும் எங்கிருந்தோ நீண்டு வருது. எஸ்போசிட்டோ கடுப்பாகி ஒட்டகச்சிவிங்கின்னே திட்டினாராம்.

இறுதிச் சுற்று சிகாகோவுடன். அங்கே வலையில் ஃபில்லின் தம்பி டோனி எஸ்போசிட்டோ. அவரும் மிச்சிகன் டெக் கல்லூரியில் படித்து வந்தவர், முன்பு மான்ட்ரியல் கைவிட்ட ஆள்! கல்லூரிப் பசங்க தேறமாட்டாங்கன்னு சொன்ன லீகின் இறுதிப் போட்டியில் ரெண்டு வலையிலும் கல்லூரிப் பசங்க. ஏழாவது ஆட்டத்தில் 2-0 என்று பின்தங்கிய மான்ட்ரியல், ழாக் லெமேர் தூரத்திலிருந்து அடித்த ஒன்று டோனியை ஏமாற்ற, 3-2 என்று கோப்பையைத் தூக்கியது. தொடரின் சிறந்த ஆட்டக்காரர் ட்ரைடன். சிறந்த புதுமுகம் விருது அதற்கு அடுத்த வருஷம்தான் கிடைத்தது, ஏன்னா ஆறு ஆட்டத்தை முழு சீசனாகக் கணக்கில் எடுக்கவில்லை.

1972-ல் சோவியத் யூனியனுடன் எட்டு ஆட்டத் தொடர். அதில் அவர் சொதப்பினார் என்பதையும் சொல்லணும். முதல் ஆட்டம் 7-3 தோல்வி, வான்கூவரில் சொந்த ரசிகர்களே கூச்சல். மாஸ்கோவில் கடைசி ஆட்டத்தில்கூட ரெண்டு பகுதிக்குள் அஞ்சு கோல் வாங்கினார். மூணாவது பகுதியில் ஒண்ணுகூட விடவில்லை. கனடா 6-5.

1973-ல் சட்டப் பட்டம், ரெண்டாவது கோப்பை, கோல்கீப்பருக்கான வெசினா விருது. சம்பளத்தைக் கூட்டுங்கள் என்று கேட்டார். போட்டி லீக் வந்து எல்லோர் சம்பளமும் ஏறிய நேரம். நிர்வாகம் மசியவில்லை. ட்ரைடன் கத்தவில்லை, பேசாமல் டொரன்டோவில் ஒரு சட்ட அலுவலகத்தில் பயிற்சி வக்கீலாகப் போய் உட்கார்ந்துவிட்டார். வாரம் 134 டாலர்! அவர் இல்லாத வருஷம் மான்ட்ரியல் வாங்கிய கோல்கள் 184-லிருந்து 240 ஆனது, முதல் சுற்றிலேயே வெளியே. அடுத்த வருஷம் நல்ல ஒப்பந்தத்தோடு திரும்பினார். இவர் பையில் இருந்த மெக்கில் பட்டம்தான் அந்த ஒரு வருஷத்தைத் தாங்கியது என்பது என் எண்ணம். கோப்பைகளைவிட எனக்குப் பிடிச்சது அந்த வருஷம்தான்.

1976 முதல் 1979 வரை வரிசையாக நாலு கோப்பை. 1976-77-ல் 80 ஆட்டத்தில் எட்டே தோல்வி. 1979-ல், 31 வயசில், போதும் என்று நிறுத்திவிட்டார். 397 ஆட்டங்கள், 258 வெற்றி, 57 தோல்வி. ஒரு கோல்கூட விடாதவை 46.

பிறகு புத்தகம் எழுதினார், டொரன்டோ மேப்பிள் லீஃப்ஸ் தலைவரானார், 2004-லிருந்து 2011 வரை எம்.பி., நடுவில் மத்திய அமைச்சர். 1980-ல் லேக் பிளாசிட் ஒலிம்பிக்கில் அமெரிக்கக் கல்லூரிப் பசங்க சோவியத்தை 4-3 என்று தோற்கடித்தபோது டிவியில் வர்ணனை செய்த ரெண்டு பேரில் ஒருத்தர் இவர். 2025 செப்டம்பர் 5 அன்று புற்றுநோயால் காலமானார், வயசு 78.

செய்தி வந்த அன்னிக்கு கனடாக்காரனுக்குப் போன் பண்ணினேன். அவன் இப்போ வின்னிபெக்கில் வேலையில் இருக்கான். ரொம்ப நேரம் பேசல. இந்தத் தடவை ஹார்வர்ட் ஆட்டத்துக்கு டிக்கெட் கிடைச்சுதான்னு மட்டும் கேட்டான்.