மொட்டும் அரும்பும்

1740-இல் நெதர்லாந்தின் ஹேக் நகரருகே ஆபிரகாம் திரம்ப்ளே குளத்துநீரில் சிறியதொரு பச்சை உயிரைக் கண்டார். தாவரமா, விலங்கா என்றறிய அதை இரண்டாக வெட்டினார். இரு துண்டுகளும் முழு உயிர்களாயின. அதன் உடலிலிருந்து கிளைபோல் குட்டி முளைத்துப் பிரிவதையும் பார்த்தார். இம்முளைப்பை லீவன்ஹூக் 1702-லேயே குறித்திருந்தார். 1758-இல் லின்னேயஸ் அவ்வுயிருக்கு ஹைட்ரா என்று பெயரிட்டார்.

விலங்கென்று முடிவான பின்னும், அதன் பெருக்கத்தைச் சொல்லத் தாவரச் சொல்லே நிலைத்தது. நம் பாடநூல்களில் அது ‘மொட்டுவிடுதல்’. இங்கே ஒரு முரண் உண்டு. மொட்டு மலராகும், மலரோ பால்வழிப் பெருக்கத்தின் உறுப்பு. ஹைட்ராவில் நிகழ்வது பாலிலாப் பெருக்கம்.

‘அரும்புதல்’ என்ற வழக்கும் நம்மிடம் உண்டு. அதுவே பொருத்தமானது. மீசை அரும்பும், வியர்வை அரும்பும். அரும்புவதெல்லாம் பூக்கவேண்டும் என்று தமிழ் கேட்பதில்லை.