சூலையும் கொழுக்கிப்புழுவும்: ராகலை லயங்களில் வலிக்குக் காரணம் தேடிய வரலாறு

உடலைத் திடீரெனக் குத்தி முறுக்கும் வலியைத் தமிழ் மரபு சூலை என்றழைத்தது. சூலம் பாய்ந்தாற்போன்ற வேதனை என்பது அதன் பொருள். திருநாவுக்கரசர் சமணத்திலிருந்து சைவத்துக்கு மீண்டதற்குச் சூலை நோயே காரணமாயிற்று என்று பெரியபுராணம் கூற, சித்த மருத்துவமோ இத்தகைய வலிகளுக்கு வாதம், அதாவது உடலை இயக்கும் காற்றின் கூறு, நிலைகுலைவதையே முதன்மைக் காரணமாகக் கொண்டது.

19ஆம் நூற்றாண்டில் தமிழகத்திலிருந்து இலங்கையின் கோப்பித் தோட்டங்களுக்கும், 1869இல் தோன்றிய இலைத்துரு நோயால் கோப்பி அழிந்தபின் தேயிலைத் தோட்டங்களுக்கும் வந்து சேர்ந்த தொழிலாளர், இவ்விளக்கங்களையும் உடன் கொண்டுவந்தனர். ராகலை உள்ளிட்ட மலையகத் தோட்டங்களின் லயங்களில், அதாவது ஒரே கூரையின்கீழ் வரிசையாக அமைந்த சிற்றறைகளில், விலாவில் குத்தினால் வாயுப் பிடிப்பு என்றும், குழந்தை வயிறு நொந்து அழுதால் உணவு சிக்கிய தொக்கம் என்றும், இருட்டில் வந்தவர் வலியால் துடித்தால் முனி அடித்தது என்றும் கூறி, அதற்கேற்பச் சுளுக்கு எடுப்பவரையோ தொக்கம் எடுப்பவரையோ பூசாரியையோ நாடினர்.

தோட்டத் தொழிலாளரின் மருத்துவத் தேவைகளுக்கென 1872இல் சட்டம் இயற்றப்பட்டபோதும், வலியின் முக்கியமான காரணமொன்று அறியப்படாமலே இருந்தது. அந்நூற்றாண்டின் இறுதியில் கெய்ரோவில் ஆர்தர் லூஸ் என்ற ஆய்வாளரின் கையில், குடலில் ஒட்டி இரத்தம் உறிஞ்சும் கொழுக்கிப்புழுவின் குடம்பிகள், அதாவது முட்டையிலிருந்து வெளிவரும் இளம்புழுக்கள், தற்செயலாகச் சிந்தியபோது தோல் அரித்து எரிந்ததோடு, பின்னர் அவரது மலத்திலேயே அப்புழுவின் முட்டைகள் காணப்பட்டமையால், அது தோலைத் துளைத்து உடலுக்குள் புகுவது தெரியவந்தது. வெறுங்காலோடு கொழுந்து பறித்தவரின் பாத அரிப்புக்கும், மேல்வயிற்று வலிக்கும், இரத்தச் சோகைக்கும் இவ்வாறு ஒரே காரணம் புலப்பட்டது. மற்றொரு வகைக் குடற்புழுவான வட்டப்புழுக்கள் திரண்டு குடலை அடைக்கும்போதோ, வயிற்றை முறுக்கியிழுக்கும் வலி திடீரென எழும்.

1916இல் ரொக்பெல்லர் அறக்கட்டளையின் துணையோடு மாத்தளைத் தோட்டங்களில் கொழுக்கிப்புழு ஒழிப்புப் பணி தொடங்கியபோது, மருந்து புழுவை வெளியேற்றியது. ஆயினும் மலகூடமில்லாத லயத்தின் ஈரமண் அதை மீண்டும் பாதங்களில் ஏற்றியது. ஆகவே, தோட்டத் தொழிலாளர் ஒருவரின் வலிக்குக் காரணம் தேடுவோர், அவருடைய உடலைச் சோதிப்பதோடு நில்லாமல், அவர் மிதிக்கும் மண்ணையும் குடிக்கும் நீரையும் வாழும் லயத்தையும் சேர்த்தே ஆராய வேண்டும் என்பதே இவ்வரலாறு உணர்த்தும் உண்மை.