கைதட்டல் கிடைத்தது, உரிமை கிடைக்கவில்லை



காற்பந்து என்று சொன்னதும் நம் கண்முன் வருவது உருண்டைப் பந்தும் இரண்டு கோல் கம்பங்களும்தான். இங்கிலாந்து லீக் ஆட்டத்துக்காக நள்ளிரவு வரை கண்விழிக்கும் குடும்பங்கள் நம்மிடையே ஏராளம். ஆனால், அமெரிக்கர்கள் 'ஃபுட்பால்' என்று அழைப்பது வேறோர் ஆட்டம். பந்து முட்டை வடிவில் இருக்கும். அதைக் கையில் ஏந்திக்கொண்டு ஓடலாம். எதிரணியினர் மோதி, மடக்கி, கீழே சாய்த்துத் தடுப்பார்கள். எதிரணியின் எல்லைக் கோட்டைத் தாண்டிப் பந்தைக் கொண்டுசேர்த்தால் புள்ளிகள். ரக்பி ஆட்டத்திலிருந்து பிறந்த பிள்ளை அது.

அந்த ஆட்டத்தில், 1912ஆம் ஆண்டில், ஓர் ஏழைப் பள்ளியின் மாணவர்கள் பெரிய பெரிய பல்கலைக்கழகங்களை எல்லாம் மண்ணைக் கவ்வ வைத்தார்கள். அவர்கள் அமெரிக்காவின் பூர்வகுடிப் பிள்ளைகள். பழைய கௌபாய் படங்களில் வில்லன்களாகக் காட்டப்பட்டார்களே, நாம் 'செவ்விந்தியர்' என்று பாடப்புத்தகத்தில் படித்தோமே, அந்த மக்களின் பிள்ளைகள். அவர்களுடைய ஒரே ஓர் ஆட்டப்பருவத்தின் கதை ஒரு கேள்வியை நம்முன் வைக்கிறது. ஒரு சமூகத்தின் திறமைக்குக் கைதட்டுவதும் அந்தச் சமூகத்தைச் சமமாக மதிப்பதும் ஒன்றுதானா?

பெயரை மாற்றிய பள்ளி

பென்சில்வேனியா மாநிலத்தில் கார்லைல் என்ற ஊர். அங்கிருந்த பழைய இராணுவ முகாமில் 1879ஆம் ஆண்டு ரிச்சர்ட் ஹென்றி பிராட் என்ற இராணுவ அதிகாரி பூர்வகுடிப் பிள்ளைகளுக்காக ஒரு தொழிற்பள்ளியைத் தொடங்கினார். பிள்ளையிடம் இருக்கும் பூர்வகுடித் தன்மையை அழித்துவிட்டால் மனிதனைக் காப்பாற்றிவிடலாம் என்பது அவருடைய கொள்கை. அதை அவர் மேடையில் வெளிப்படையாகவே பேசினார்.

பிள்ளைகள் நெடுந்தூரத்திலிருந்து இரயிலில் கொண்டுவரப்பட்டார்கள். வந்ததும் நீண்ட தலைமுடி வெட்டப்பட்டது. சொந்த உடை கழற்றப்பட்டு சீருடை மாட்டப்பட்டது. பெற்றோர் வைத்த பெயருக்குப் பதிலாக ஆங்கிலப் பெயர் சூட்டப்பட்டது. தாய்மொழியில் பேசினால் தண்டனை. பாதி நாள் பாடம், பாதி நாள் வேலை. விடுமுறையிலும் பலர் வீட்டுக்கு அனுப்பப்படவில்லை. வெள்ளையர் குடும்பங்களின் பண்ணைகளிலும் வீடுகளிலும் வேலைக்கு அமர்த்தப்பட்டார்கள். நோய் வந்து இறந்த பிள்ளைகள் பலர். 180க்கும் மேற்பட்ட கல்லறைகள் அந்த வளாகத்தில் எழுந்தன.

ஒரு குழந்தையிடமிருந்து மொழியையும் பெயரையும் எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும்? வீட்டில் எந்த மொழி பேசுவது என்று இன்றும் விவாதித்துக்கொண்டிருக்கும் நமக்கு இந்தக் கேள்வியின் கனம் புரியும்.

விளையாட அனுமதி கேட்ட மாணவர்கள்

ஆரம்பத்தில் ஒரு மாணவருக்குக் கால் முறிந்ததால் வெளி அணிகளோடு காற்பந்து ஆடக்கூடாது என்று பிராட் தடை போட்டார். பின்னர் மாணவர்கள் திரண்டு வந்து அவரிடம் வாதாடினார்கள். அவர் இரண்டு நிபந்தனைகளோடு இசைந்தார். எதிராளி அடித்தாலும் திருப்பி அடிக்கக்கூடாது. சில ஆண்டுகளுக்குள் நாட்டின் பெரிய அணிகளை வென்று காட்ட வேண்டும்.

1899இல் 'பாப்' வார்னர் பயிற்றுநராக வந்து சேர்ந்தார். தந்திரத்தில் பெயர்போனவர். 1903ஆம் ஆண்டு ஹார்வர்ட் பல்கலைக்கழகத்துக்கு எதிரான ஆட்டத்தில் கார்லைல் வீரர் ஒருவர் பந்தைச் சட்டையின் முதுகுப்புறத்தில் ஒளித்துக்கொண்டு ஓடியே புள்ளி எடுத்த சம்பவம் இன்றளவும் பேசப்படுகிறது. அந்த ஆட்டத்தில் ஹார்வர்ட் 12-11 என்று தப்பித்தது.

அந்தக் காலத்து ஆட்டம் முரட்டுத்தனமானது. திடலிலேயே இளைஞர்கள் உயிரிழந்தார்கள். 1905இல் அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்ட், யேல், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகங்களின் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கே அழைத்துப் பேசும் அளவுக்கு நிலைமை மோசமானது. மறு ஆண்டே விதிகள் திருத்தப்பட்டன. பந்தை முன்னோக்கி எறியலாம் என்ற புதிய விதி வந்தது. உடல் கனத்தால் மோதி வெல்லும் ஆட்டம், வேகத்தாலும் புத்தியாலும் வெல்லும் ஆட்டமாக மாறத் தொடங்கியது. எடை குறைந்த, ஆனால் கால் வேகம் மிகுந்த கார்லைல் மாணவர்களுக்கு இது வரப்பிரசாதமாக அமைந்தது. 1907இல் அவர்கள் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தை 26-6 என்று வென்றார்கள். 1911இல் ஹார்வர்டை 18-15 என்று அதன் சொந்தத் திடலிலேயே வீழ்த்தினார்கள்.

1912: ஒரு பருவம், 14 ஆட்டங்கள்

1911இல் ஹார்வர்டைச் சாய்த்த நாயகன் ஜிம் தோர்ப். சாக் அண்ட் ஃபாக்ஸ் பூர்வகுடியைச் சேர்ந்தவர். அடுத்த ஆண்டு கோடையில் ஸ்டோக்ஹோம் ஒலிம்பிக்கில், ஐந்து போட்டிகள் அடங்கிய பென்டத்லானிலும் பத்துப் போட்டிகள் அடங்கிய டெகத்லானிலும் தங்கம் வென்று திரும்பினார். திரும்பிய சில வாரங்களில் மீண்டும் கார்லைல் சீருடையை அணிந்து காற்பந்துத் திடலில் இறங்கினார்.

அவரோடு கஸ் வெல்ச், ஜோ கையன், அலெக்ஸ் ஆர்காசா போன்ற வீரர்கள் இருந்தார்கள். வெவ்வேறு குடிகள், வெவ்வேறு மொழிகள். அவர்களை அழிக்க நினைத்த பள்ளியே அவர்களை ஒன்றுசேர்த்தும் வைத்தது. இது வரலாற்றின் விந்தை.

அந்தப் பருவத்தில் 14 ஆட்டங்கள். பன்னிரண்டில் வெற்றி, ஒன்றில் சமநிலை, ஒன்றில் தோல்வி. எடுத்த புள்ளிகள் 500க்கும் மேல். வில்லனோவா 65-0, சிராக்யூஸ் 33-0, பிட்ஸ்பர்க் 45-8 என்று வரிசையாக அணிகள் சரிந்தன. கனடாவுக்குப் போய் டொரோண்டோ அணியையும் வென்று வந்தார்கள். முக்கியமான ஆட்டங்களில் பெரும்பாலானவை வெளியூரில்தான். அங்கே போனால்தான் கூட்டம் வரும், நுழைவுக் கட்டணத்தில் பங்கு கிடைக்கும்.

நவம்பர் 9ஆம் தேதி வெஸ்ட் பாயிண்ட் இராணுவக் கல்லூரியோடு ஆட்டம். வூண்டட் நீ என்ற இடத்தில் அமெரிக்க இராணுவம் நூற்றுக்கணக்கான லக்கோட்டா மக்களைச் சுட்டுக்கொன்றது 1890 டிசம்பரில். அப்போது 22 ஆண்டுகள்கூட முழுதாக ஆகவில்லை. இப்போது அந்த இராணுவத்தின் வருங்கால அதிகாரிகள் ஒரு பக்கம், பூர்வகுடி இளைஞர்கள் மறுபக்கம். உங்கள் தந்தையரோடு போரிட்டவர்களின் பிள்ளைகள் இவர்கள் என்று வார்னர் ஆட்டத்துக்கு முன் நினைவூட்டியதாகச் சொல்லப்படுகிறது.

முதலில் புள்ளி எடுத்தது இராணுவ அணிதான். அதற்குப் பிறகு கார்லைல் புதிய வியூகத்தில் ஆடியது. பந்து யாரிடம் இருக்கிறது, எந்தப் பக்கம் போகிறது என்று எதிரணிக்கே புரியவில்லை. ஆர்காசா மூன்று முறை எல்லைக் கோட்டைத் தாண்டினார். இராணுவ அணித்தலைவர் பொறுமை இழந்து ஜோ கையனைத் தாக்கியதால் வெளியேற்றப்பட்டார். திருப்பி அடிக்காதே என்ற பழைய நிபந்தனையைக் காப்பாற்றியது யார், மீறியது யார் என்று பாருங்கள். இறுதியில் கார்லைல் 27, இராணுவம் 6.

அன்று இராணுவ அணியில் ஆடிய ஓர் இளைஞர் டுவைட் ஐசன்ஹோவர். பின்னாளில் அமெரிக்க அதிபரானவர். தோர்ப்பின் திறமையை அவர் பல ஆண்டுகளுக்குப் பிறகும் வியந்து பேசினார்.

ஒரு வாரம் கழித்து பென்சில்வேனியா பல்கலைக்கழகத்திடம் 34-26 என்று தோற்றார்கள். அந்தப் பருவத்தின் ஒரே தோல்வி அது. நவம்பர் 28ஆம் தேதி பிரவுன் பல்கலைக்கழகத்தை 32-0 என்று வென்று பருவத்தை முடித்தார்கள்.

பருவம் முடிந்தபின்

கதை இங்கே முடிந்திருந்தால் இது வெற்றிக் கதை. ஆனால், இரண்டு மாதங்களுக்குள் காட்சி மாறியது.

1913 ஜனவரியில் ஒரு செய்தி வெளிவந்தது. தோர்ப் 1909, 1910 கோடைகளில் வட கரோலைனாவில் சிறு தொகைக்குப் பேஸ்பால் ஆடியிருந்தார். பணத்துக்கு ஆடியவர் ஒலிம்பிக்கில் பங்கேற்கக்கூடாது என்பது அன்றைய விதி. பல கல்லூரி மாணவர்கள் பொய்ப் பெயரில் ஆடிச் சம்பாதித்த காலம் அது. தோர்ப் சொந்தப் பெயரில் ஆடினார். புகார் எதுவானாலும் போட்டிகள் முடிந்து 30 நாள்களுக்குள் தெரிவிக்க வேண்டும் என்று விதி இருந்தும் அவருடைய பதக்கங்கள் பறிக்கப்பட்டன. தமக்கு எதுவுமே தெரியாது என்றார் பயிற்றுநர் வார்னர். தெரிந்தே இருந்திருக்கும் என்று வரலாற்றாசிரியர்கள் பலர் கருதுகிறார்கள். தோர்ப் கைவிடப்பட்டார்.

அதே 1913இல் கஸ் வெல்ச் ஒரு காரியம் செய்தார். பள்ளியின் நிர்வாகத்தை விசாரிக்க வேண்டும் என்று 200க்கும் மேற்பட்ட மாணவர்களிடம் கையெழுத்து வாங்கி மனு அனுப்பினார். 1914இல் நாடாளுமன்றக் குழு விசாரணைக்கு வந்தது. காற்பந்தில் வந்த பணம் பயிற்றுநரின் கட்டுப்பாட்டில் இருந்தது வெளிப்பட்டது. வார்னர் நல்ல பயிற்றுநர், ஆனால் கொள்கை இல்லாத மனிதர் என்ற பொருளில் வெல்ச் சாட்சி சொன்னார். பள்ளித் தலைவர் பதவி இழந்தார். வார்னர் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்துக்குப் போய் மேலும் புகழ் பெற்றார். பள்ளி 1918இல் மூடப்பட்டது.

திடலில் எதிரணியை வெல்வதைவிட, தம்மை ஆளும் நிர்வாகத்தின் முன் நின்று உண்மையைச் சொல்வதற்கு அதிகத் துணிச்சல் வேண்டும். என்னைக் கேட்டால், வெல்ச்சின் மிகப் பெரிய ஆட்டம் அந்த மனுதான்.

நீதி வந்து சேர்ந்த ஆண்டுகள்

இந்த ஆண்டுகளைக் கொஞ்சம் வரிசைப்படுத்திப் பாருங்கள். இராணுவத்தை வென்றது 1912. அமெரிக்க மண்ணில் பிறந்த பூர்வகுடியினர் அனைவருக்கும் குடியுரிமை என்ற சட்டம் வந்தது 1924. தோர்ப் இறந்தது 1953. பதக்கங்களின் மாதிரிகள் அவருடைய பிள்ளைகளிடம் தரப்பட்டது 1983. அப்போதும்கூட அவர் இணை வெற்றியாளர்தான். அவர் ஒருவரே வெற்றியாளர் என்று அனைத்துலக ஒலிம்பிக் மன்றம் ஏற்றது 2022. இடையில் 110 ஆண்டுகள்!

கார்லைலில் புதைக்கப்பட்ட பிள்ளைகளின் எச்சங்களைச் சொந்த மண்ணுக்கு அனுப்பும் பணி 2017இல்தான் தொடங்கியது. இத்தகைய விடுதிப் பள்ளிகளுக்காக அதிபர் ஜோ பைடன் நாட்டின் சார்பில் மன்னிப்புக் கேட்டது 2024 அக்டோபரில். அவ்வாண்டு டிசம்பரில் கார்லைல் தேசிய நினைவிடமாக அறிவிக்கப்பட்டது.

அன்பர்களே, 1912இல் அந்த மாணவர்களுக்குக் கைதட்டிய கூட்டம் பொய்யாகக் கைதட்டவில்லை. உண்மையாகவே ரசித்தது. ஆட்டம் முடிந்ததும் எழுந்து வீட்டுக்குப் போனது. பிள்ளைகளோ தாய்மொழி பேச முடியாத விடுதிக்குத் திரும்பினார்கள்.

விளையாட்டில் வென்றால் மதிப்பு தானாக வரும் என்று நாம் பிள்ளைகளிடம் சொல்கிறோம். வென்று காட்டட்டும், அது வேண்டியதுதான். ஆனால், வெற்றி ஒரு கதவைத் தட்டும், அவ்வளவே. அதைத் திறக்க வைப்பது கஸ் வெல்ச் திரட்டியதைப் போன்ற கையெழுத்துகள். ஒரு தலைமுறையில் திறக்காவிட்டால் அடுத்த தலைமுறை தட்ட வேண்டும். தோர்ப்பின் பிள்ளைகளும் அவருக்குப் பின் வந்தவர்களும் அதைத்தான் செய்தார்கள். நம் பிள்ளைகளுக்குப் பந்தை உதைக்கக் கற்றுக்கொடுக்கும்போது இதையும் சேர்த்துச் சொல்லிக் கொடுப்போம்.