ஏ.பி. நாகராஜன்: பாய்ஸ் கம்பெனியிலிருந்து இயக்குநர் நாற்காலிக்கு

ஏ.பி. நாகராஜன் (1928–1977) தமிழ்த் திரைப்பட இயக்குநர், வசனகர்த்தா, தயாரிப்பாளர், நடிகர். சேலம் மாவட்டம் சங்ககிரியை அடுத்த அக்கம்மாபேட்டையில் பிறந்தார். 'திருவிளையாடல்', 'தில்லானா மோகனாம்பாள்' ஆகிய படங்களை அறியாதவர் குறைவு. அவற்றை எடுத்தவர் நாடகக் குழுவில் சிறுவனாகச் சேர்ந்து தொழில் கற்றவர். அந்தக் கல்விமுறையை வகுத்தவர்களில் முதன்மையானவர் கொற்கைக் கரையைச் சேர்ந்தவர்.

பாண்டியரின் முத்துத் துறைமுகமான கொற்கை, கடல் பின்வாங்கியதால் உள்நாட்டுச் சிற்றூராயிற்று. கடல் வாணிகம் காயலுக்கும் பின்னர் தூத்துக்குடிக்கும் நகர்ந்தது. அந்தத் தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டியில் 1867-இல் பிறந்தவர் சங்கரதாஸ் சுவாமிகள். உப்புப் பண்டகசாலையில் கணக்கராக இருந்தவர், அவ்வேலையை விட்டு நாடகத்துக்கு வந்தார். 1918-இல் மதுரையில் 'தத்துவ மீனலோசனி வித்துவ பால சபா' என்ற சிறுவர் குழுவைத் தொடங்கினார். டி.கே.எஸ். சகோதரர்கள் அதில்தான் சேர்ந்தனர். சிறுவன் டி.கே. சண்முகத்துக்காகச் சுவாமிகள் 'அபிமன்யு சுந்தரி' நாடகத்தை ஒரே இரவில் எழுதி முடித்தார் என்பர்.

இக்குழுக்களை மக்கள் 'பாய்ஸ் கம்பெனி' என்றனர். பாட்டு, வசனம், நடிப்பு எல்லாம் அங்கேயே பாடம். ஒரு நாடகத்தில் எல்லா வேடங்களின் வசனமும் பையன்களுக்கு மனப்பாடமாகிவிடும். பெண் வேடமும் அவர்களுக்கே. ஆனால் பள்ளிப் படிப்பு போயிற்று. இந்த இழப்பைச் சிறிதென்று சொல்வதற்கில்லை. இன்னொரு அச்சமும் இருந்தது. பருவம் வந்து குரல் உடைவதை 'மகரக்கட்டு' என்பார்கள். நேற்றுவரை கைதட்டல் வாங்கிய பையன், மகரக்கட்டு வந்ததும் ஓரத்தில் நிற்க வேண்டியதுதான். அவர்களில் பலர் பெயரில்லாமல் போயினர்.

நாகராஜன் பத்து வயதளவில் டி.கே.எஸ். குழுவில் சேர்ந்து, பெண் வேடங்களிலும் நடித்தார். குரல் மாறினாலும் அவர் மனப்பாடம் செய்த தமிழ் போகவில்லை. 'நால்வர்' (1953) படத்துக்குக் கதை வசனம் எழுதி, தாமே நடித்தார். 'மக்களைப் பெற்ற மகராசி'யில் (1957) கொங்கு வட்டார வழக்கைச் சிவாஜி கணேசனுக்கு வசனமாகத் தந்தார். 'வடிவுக்கு வளைகாப்பு' (1962) அவர் இயக்கிய முதல் படம். பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்த எம்.ஜி.ஆர். அதற்கு முன்பே, 1958-இல், 'நாடோடி மன்னன்' படத்தை இயக்கியிருந்தார்.

நாகராஜன் படங்கள் மேடை நாடகம் போலிருக்கின்றன என்பது பழைய குறை. அது உண்மைதான், ஆனால் அவர் பலமும் அதிலேதான் இருக்கிறது. 'திருவிளையாடல்' (1965) படத்தில் நக்கீரராக வருபவர் அவரே. சிவபெருமானும் நக்கீரரும் மோதும் காட்சியில் படக்கருவி அதிகம் ஓடியாடுவதில்லை. சொல்லுக்குச் சொல் எதிர்நிற்கும் வாதமே காட்சியைத் தூக்கி நிறுத்துகிறது. பல இரவுகள் மேடையில் நின்று, கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகிய ஒருவர் எடுத்த காட்சி அது. 'நவராத்திரி'யில் (1964) ஒரு தெருக்கூத்தையே படத்துக்குள் வைத்தார். 'வா ராஜா வா' (1969) படத்தின் நாயகன் ஒரு சிறுவன்.

டி.கே.எஸ். குழு மேடையேற்றிய அரு. ராமநாதனின் 'இராஜராஜ சோழன்' நாடகத்தை, தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமாக 1973-இல் நாகராஜன் இயக்கினார். படம் வெளிவருவதற்குச் சில வாரங்களுக்கு முன் டி.கே. சண்முகம் காலமானார்.