"நம்ம ஆட்டம்"



2018ஆம் ஆண்டு சனவரி இறுதியில், நடனக் கலைஞர் ரம்லி இப்ராகிம் அவர்களுக்கு இந்திய அரசு பத்மஸ்ரீ விருது அறிவித்தது. அச்செய்தியை நாளிதழிலிருந்து வெட்டி வகுப்பறைப் பலகையில் ஒட்டியிருந்தேன். ஐந்தாம் ஆண்டு மாணவன் ஒருவன் படத்தை நெடுநேரம் பார்த்துவிட்டு, "இவரு மலாய்க்காரர்தானே, டீச்சர்? ஏன் நம்ம ஆட்டத்தை ஆடுறாரு?" என்று கேட்டான். அந்த 'நம்ம' என்ற சொல் என்னைத் தடுமாறச் செய்தது.

விடுதலை பெற்ற நாடுகள் பலவும் தமது நடனம் எதுவெனத் தேடியிருக்கின்றன. ஜமைக்கா 1962இல் விடுதலை பெற்றது. அதே ஆண்டில் ரெக்ஸ் நெட்டில்ஃபோர்டும் எடி தாமசும் அங்கே தேசிய நடன நாடகக் குழுவைத் தோற்றுவித்தனர். ஆப்பிரிக்க வழிவந்த ஆட்டங்களை நவீன நடனத்தோடு இணைப்பது அவர்களின் வழி. பெயரில் 'தேசிய' இருந்தாலும் ஆடியவர்கள் சம்பளம் பெறாத தொண்டர்களே. பகலில் வேறு வேலை, மாலையில் பயிற்சி. நெட்டில்ஃபோர்டே ஒரு பல்கலைக்கழகப் பேராசிரியர். 1971இல் அவர் 'குமினா' என்னும் படைப்பை மேடையேற்றினார். குமினா என்பது, அடிமை முறை ஒழிந்த பின்னர் ஒப்பந்தக் கூலிகளாகச் சென்ற மத்திய ஆப்பிரிக்க மக்களிடமிருந்து வளர்ந்த சடங்கு. முரசொலியும் அருளேறி ஆடுதலும் அதன் உயிர். ஒப்பந்தக் கூலி என்றதும் நம் தோட்டத்துக் கரகமும் காவடியும் நினைவுக்கு வருகின்றன அல்லவா?

அதே 1971 ஆகஸ்டில் மலாயாப் பல்கலைக்கழகத்தில் தேசியப் பண்பாட்டு மாநாடு கூடியது. இவ்வட்டாரப் பூர்வீக மக்களின் பண்பாடே தேசியப் பண்பாட்டிற்கு அடிப்படை. பிற பண்பாடுகளின் பொருத்தமான கூறுகளை ஏற்கலாம். இஸ்லாம் அதில் முக்கியக் கூறு என முடிவானது. 'பொருத்தமானது' எது என்று யார் சொல்வது? பள்ளி விழாக்களில் இன்றும் மலாய், சீன, இந்திய ஆட்டங்களை ஒன்றன்பின் ஒன்றாக ஆடவிட்டு ஒற்றுமை நடனம் என்கிறோம். நானும் அப்படித்தான் பிள்ளைகளைப் பழக்கியிருக்கிறேன். எங்கள் பங்குக்குப் பெரும்பாலும் கோலாட்டம்.

கலப்பை உண்மையில் செய்தவர்கள் தனிமனிதர்களே. 1981இல் சுவாமி சாந்தானந்த சரஸ்வதியின் வழிகாட்டலில் கோலாலம்பூரில் 'டெம்பள் ஆஃப் ஃபைன் ஆர்ட்ஸ்' தொடங்கியது. பிரிக்பீல்ட்ஸில் இயங்கும் இந்நிறுவனம், வெள்ளைப் பாம்புப் பெண்ணின் சீனக் கதையைக்கூட நாட்டிய நாடகமாக்கியது.

1953இல் பிறந்த ரம்லி ஆஸ்திரேலியாவுக்குப் பொறியியல் படிக்கச் சென்றவர். அங்கே பாலே பயின்று, சிட்னி நடனக் குழுவில் நவீன நடனம் ஆடினார். பரதத்தை அடையாறு கே. லட்சுமணனிடமும் ஒடிசியைத் தேவபிரசாத் தாஸிடமும் கற்றார். 1983இல் கோலாலம்பூரில் 'சூத்ரா' குழுவை அமைத்தார். கோயில் மரபில் வந்த ஆட்டத்தை ஒரு முஸ்லிம் ஆடலாமா என்ற கேள்வி அவரை விடாமல் தொடர்ந்தது. மலாய் மரபுக்கு மட்டும் பாதுகாப்பு இருந்ததா என்றால், அதுவும் இல்லை. மலாய் நாடக ஆட்டமான மாக் யோங்கைக் கிளந்தான் மாநில அரசு 1991இல் தடை செய்தது.

இவற்றையெல்லாம் பதினொரு வயதுப் பிள்ளையிடம் சொல்ல இயலுமா? "அவர் பல வருடம் குருவிடம் கற்றுக்கொண்டார், அதனால் அது அவருடையதும்தான்" என்றேன். அவன் அரைமனத்தோடு தலையாட்டினான். பிறகு, "எங்கே பிறந்தாரு?" என்றான்.

"காஜாங்."

"சத்தே காஜாங்கா, டீச்சர்? அது நம்ம பக்கம்தானே!"