அம்பாசிடருக்கு ரெண்டே ரெண்டு ஃப்யூஸ்

ஒண்ணுக்கும் ஆகாத ஆளை நாம என்னன்னு திட்டுவோம்? "ஃப்யூஸ் போன பல்பு". ரொம்ப நாளா எனக்கு இந்த வசவு மேல ஒரு வருத்தம் உண்டு. முதல் விஷயம், பல்பில் பொதுவா அறுந்து போறது ஃப்யூஸ் இல்லை, இழை. ரெண்டாவது, ஃப்யூஸ் போச்சுன்னா அது உதவாக்கரைன்னு அர்த்தம் இல்லை. தன் உயிரைக் கொடுத்து மத்ததைக் காப்பாத்தியிருக்குன்னு அர்த்தம். அதைப் போய் வசவாக்கி வெச்சிருக்கோம். சரி, மொழி ஆராய்ச்சியை அது தெரிஞ்ச பதிவர்களிடம் விட்டுடறேன். இந்தப் பதிவு கார் ஃப்யூஸ் பத்தி. அதிலும் குறிப்பா, மயிலாப்பூர், தி.நகர், அடையாறு பக்கம் ஒரு அரை நூற்றாண்டாக ஓடின கார்களின் வயிற்றுக்குள்ளே இருந்த ஃப்யூஸ்களின் சரித்திரம்.

ஃப்யூஸுக்குக் காரைவிட வயசு அதிகம். 1847-ல் ப்ரெகே என்ற பிரெஞ்சுக்காரர், தந்தி நிலையங்களை இடியிலிருந்து காப்பாற்ற நடுவிலே மெல்லிசா ஒரு கம்பித்துண்டு வையுங்கள் என்று யோசனை சொன்னார். எடிசன் தன் மின்விநியோகத்துக்கான ஃப்யூஸுக்கு 1890-ல் காப்புரிமை வாங்கினார். நம்ம சென்னையில் 1895-லேயே மின்சார டிராம் ஓடிவிட்டது. ஆனால் 1903-ல் மவுண்ட் ரோடு சிம்ப்சன் கம்பெனியில் சாமுவேல் ஜான் கிரீன் என்பவர் கட்டிய கார் நீராவிக் கார். அதில் கொதிக்கத் தண்ணீர் வேண்டும், ஃப்யூஸ் வேண்டாம் :-) அதற்கப்புறம் உலகமெல்லாம் ஓடின ஃபோர்டு மாடல் டி இருக்கே, 1908-லிருந்து 1927 வரை கோடிக்கணக்கில் செய்தார்கள், அதில் கடைசி வரை ஒரு ஃப்யூஸ்கூட கிடையாது. மின்சாரம் கொஞ்சமா இருந்த காலம். பிழைத்துக்கொண்டார்கள்.

நம்ம கதை அம்பாசிடரில்தான் சூடு பிடிக்கிறது. மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு மூன்றாம் வரிசைக் காரை அப்படியே இறக்கி, 1950-களின் கடைசியில் கல்கத்தா பக்கம் உத்தர்பாராவில் செய்ய ஆரம்பித்தார்கள். 2014 வரை வந்துகொண்டிருந்தது. கோட்டைக்குப் போன வெள்ளை கார், மயிலாப்பூர் வக்கீல் வீட்டு போர்ட்டிகோவில் நின்ற கார், கல்யாணத்துக்கு எட்டு பேரை ஏற்றிக்கொண்டு தி.நகர் மண்டபத்துக்குப் போன டூரிஸ்ட் டாக்ஸி, எல்லாம் இதுதான். பழைய அம்பாசிடரின் பானட்டைத் தூக்கினால், நம்ம எலெக்ட்ரீஷியன்கள் "கட்-அவுட்" என்று சொல்லும் கறுப்புப் பெட்டி தெரியும். அதையொட்டியே ரெண்டு கண்ணாடிக் குழாய். அவ்வளவுதான். மொத்தக் காருக்கும் ரெண்டே ரெண்டு ஃப்யூஸ். கூட ரெண்டு உபரி ஃப்யூஸைச் சொருகி வைக்க இடமும் கொடுத்திருப்பார்கள்.

இது இங்கிலாந்தின் லூகாஸ் கம்பெனி முறை. நம்ம ஊருக்கும் லூகாஸுக்கும் உள்ள உறவு தெரிந்ததுதானே? டி.வி.எஸ்ஸும் லூகாஸும் கூட்டு சேர்ந்து 1960-களின் ஆரம்பத்தில் பாடியில் தொழிற்சாலை போட்டார்கள். "பாடி லூகாஸ்" என்று பஸ் கண்டக்டர் கூவுகிற அளவுக்குப் பெயர் ஊரோடு ஒட்டிக்கொண்டது. இங்கிலாந்தில் லூகாஸுக்கு "இருட்டின் இளவரசன்" என்று கேலிப் பட்டம் உண்டு. ராத்திரியிலே லைட்டு போயிடுமாம். (அங்கே மழையும் ஈரமும் அதிகம், முழுப் பழியையும் லூகாஸ் தலையில் போடுவது நியாயம் இல்லை என்பது என் கட்சி.)

அந்த ரெண்டு ஃப்யூஸில் எது எதுக்கு? ஏ1-ஏ2 என்று எழுதியிருப்பது, சாவி போட்டாலும் போடாவிட்டாலும் வேலை செய்கிற சமாச்சாரங்களுக்கு. ஹாரன், உள்ளே எரிகிற விளக்கு. ஏ3-ஏ4 சாவி போட்டால் மட்டும் உயிர் வருகிறவற்றுக்கு. வைப்பர், பெட்ரோல் மீட்டர், பிரேக் லைட், இண்டிகேட்டர். லூகாஸ் முறையில் ஒயர் நிறமே இதைச் சொல்லிவிடும். பழுப்பு என்றால் பேட்டரியிலிருந்து நேராக வருவது, ஃப்யூஸ் இல்லை. வெள்ளை என்றால் சாவி வழியாக வருவது, அதற்கும் ஃப்யூஸ் இல்லை. பச்சை, சாவியும் ஃப்யூஸும் தாண்டி வருவது. ஊதா, சாவி இல்லாமல் ஃப்யூஸ் மட்டும் தாண்டி வருவது. கறுப்பு எர்த். ஒரு எழுத்து இங்கிலீஷ் படிக்கத் தெரியாத கை, இந்த அஞ்சு நிறத்தை மனப்பாடம் செய்துகொண்டு முழுக் காரையும் பிரித்துக் கோர்க்கும். இந்த நிறக்கணக்கு ஒரு நல்ல வேலைன்னுதான் சொல்வேன்.

இப்ப கவனிச்சீங்களா, ஹெட்லைட் எந்த லிஸ்டிலும் இல்லை! மறந்துபோகலை, வேணும்னேதான் விட்டார்கள். ஓடுகிற காரில் ராத்திரி ஒரு ஃப்யூஸ் போய் ரெண்டு ஹெட்லைட்டும் ஒரே நொடியில் அணைந்தால் டிரைவர் கதி என்ன? அதைவிட ஒயர் சூடாகிப் புகை வருவது மேல் என்பது அந்தக் கால ஆங்கிலேய இன்ஜினீயர்களின் கணக்கு. நம்ம வண்டலூர் பக்கம் ஸ்டாண்டர்டு மோட்டார்ஸ் செய்த ஹெரால்டின் மூலமான டிரையம்ஃப் ஹெரால்டு இன்னும் ஒரு படி மேலே. இங்கிலாந்தில் அது விற்றபோது ஃப்யூஸ் பாக்ஸே கிடையாது. ஐரோப்பாவின் மற்ற நாடுகளில் பல கார்களில் வேறு வழி கண்டுபிடித்தார்கள். இடது ஹெட்லைட்டுக்கு ஒண்ணு, வலதுக்கு ஒண்ணு என்று தனித்தனி ஃப்யூஸ். ஒண்ணு போனாலும் இன்னொண்ணு எரியும். இவ்வளவு எளிசான யோசனை ஆங்கிலேயருக்கு ஏன் தோணலை? ஃப்யூஸ் பாக்ஸில் நாலு இடம் கூடுதலாக வைக்க காசு செலவாகும், வேறென்ன.

ரெண்டே ஃப்யூஸ் என்ற சிக்கனத்தின் விலை சென்னையில் ஐப்பசி, கார்த்திகையில்தான் தெரியும். நல்ல மழை. லஸ் முனையில் முழங்கால் தண்ணி. பழைய வைப்பர் மோட்டார் இழுக்க முடியாமல் திணறி அதிகக் கரண்ட் குடிக்கும். ஏ3-ஏ4 போகும். வைப்பர் நின்னது டிரைவருக்குத் தெரியும், பெட்ரோல் முள் விழுந்தது தெரியலாம். ஆனால் அதே ஃப்யூஸில் இருக்கும் பிரேக் லைட் போனது அவருக்கு எப்படித் தெரியும்? பின்னாடி வருகிற பல்லவன் பஸ்ஸுக்கும் தெரியாது. துணியால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே வீடு போய்ச் சேரலாம் என்று ஓட்டிக்கொண்டிருப்பார். ஒரு ஃப்யூஸில் நாலு சாமானைக் கட்டினால், மோசமான ஒண்ணு மத்த மூணையும் இழுத்துக்கொண்டு போகும்.

அப்புறம் நம்ம கைவைத்தியம் வருது. சிகரெட் பாக்கெட்டின் ஜிகினாத் தாள். இது தெரியாத டிரைவர் அந்தக் காலத்தில் இருந்திருக்க முடியாது. போன ஃப்யூஸைச் சுற்றித் தாளைச் சுருட்டி கிளிப்பில் அழுத்தினால் வைப்பர் ஓடும், ஆஹா ஓஹோ. இன்னொரு வழி, ஒயரிலிருந்து ஒரு தாமிர இழையை உருவிக் கட்டுவது. இந்த ரெண்டும் ஒண்ணு இல்லீங்க. 1880-களில் வில்லியம் ப்ரீஸ் என்ற ஆங்கிலேயத் தந்தி இன்ஜினீயர் எந்தக் கம்பி எத்தனை ஆம்பியரில் உருகும் என்று ஒரு சூத்திரம் கொடுத்தார். அந்தக் கணக்குப்படி 0.2 மி.மீ தாமிர இழை ஏறக்குறைய 7 ஆம்பியரில் உருகும். தடிமன் ரெண்டு மடங்கானால் உருகும் கரண்ட் ரெண்டு மடங்கு இல்லை, கிட்டத்தட்ட 2.8 மடங்கு. ஆகவே இழையை எண்ணிக் கட்டத் தெரிந்தவர் ஒப்பேற்றிவிடலாம். ஜிகினாத் தாளுக்கு எந்தக் கணக்கும் கிடையாது. எத்தனை மடிப்பு, எவ்வளவு அகலம் என்று யாருக்குத் தெரியும்? தாள் உருகாவிட்டால் அடுத்து உருகுவது ஒயர். ஒயர் மேலே இருக்கும் உறை கருகி, பக்கத்து ஒயரோடு ஒட்டி, டாஷ்போர்டுக்குப் பின்னாலிருந்து புகை வரும்போதுதான் தெரியும். கார் பேட்டரி வெறும் 12 வோல்ட்தானே என்று நினைக்க வேண்டாம். ஷார்ட் ஆனால் நூற்றுக்கணக்கான ஆம்பியரைக் கொட்டும். "டைரக்ட் கொடுத்துட்டேன் சார்" என்று எலெக்ட்ரீஷியன் சொன்னால் சந்தோஷப்படக் கூடாது, கவலைப்படணும்.

இன்னொரு வில்லங்கம், எண்ணைப் படிப்பதில். லூகாஸ் கண்ணாடி ஃப்யூஸுக்குள் சின்னக் காகிதத்துண்டு இருக்கும், அதில் 35 என்று இருக்கும். அது போகிற அளவு. தொடர்ந்து தாங்குவது அதில் பாதி, 17 ஆம்பியர்தான். மற்ற பல கண்ணாடி ஃப்யூஸ்களில் 35 என்றால் தொடர்ந்து 35 தாங்கும் என்று பொருள். "35-க்கு 35 போட்டாச்சு" என்று நிம்மதியாக இருப்பவர் உண்மையில் ரெண்டு மடங்கு ஃப்யூஸ் போட்டிருப்பார். அமெரிக்காவில் எஸ்.எஃப்.இ என்ற வகையில் ஆம்பியர் மாறினால் குழாயின் நீளமும் மாறும்படி செய்துவிட்டார்கள். தப்பான ஃப்யூஸ் கிளிப்பில் உட்காரவே உட்காராது. லூகாஸில் 35-ம் 50-ம் ஒரே அளவு, எதை வேண்டுமானாலும் எங்கே வேண்டுமானாலும் சொருகலாம். சொருகினார்கள்.

ஃபியட்டுக்கு வருவோம். பிற்பாடு பிரிமியர் பத்மினி என்று பெயர் மாறினாலும் நம்ம ஊரில் அது கடைசி வரை ஃபியட்தான். இத்தாலிக்காரர் ஃப்யூஸ் வேறு ஜாதி. கண்ணாடி கிடையாது, பீங்கான் போல ஒரு சின்னக் கட்டை, ரெண்டு முனையும் கூம்பு, மேலே வெளியே தெரியும்படி ஒரு உலோகப் பட்டை. வெள்ளை என்றால் 8 ஆம்பியர், சிவப்பு 16. பட்டை அறுந்திருப்பது கண்ணுக்கே தெரியும் என்பது சௌகரியம். ஆனால் கூம்பு முனை, கிளிப்பின் குழியில் ஒரு வட்டமாக மட்டுமே தொடும். சாந்தோம், பெசன்ட் நகர் உப்புக்காத்துக்கு அந்த இடத்தில் களிம்பு பிடிக்கும். ஃப்யூஸ் நன்றாக இருக்கும், விளக்கு எரியாது. தெரிந்த ஆள் புது ஃப்யூஸ் வாங்க ஜெனரல் பேட்டர்ஸ் ரோடுக்கு ஓட மாட்டார். விரலால் ஃப்யூஸை அங்கேயே ரெண்டு சுற்று உருட்டுவார், களிம்பு உரசிப் போய் விளக்கு எரியும். நிரந்தரமாகச் சரியாகணும்னா உப்புத்தாளால் கிளிப்பைத் தேய்க்க வேண்டும்.

இன்று நம்ம கார்களில் இருக்கும் தட்டையான பிளாஸ்டிக் ஃப்யூஸ் 1976-ல் அமெரிக்காவில் லிட்டில்ஃப்யூஸ் கம்பெனி கொண்டுவந்தது. நம்ம ஊரில் இது சர்வசாதாரணமானது மாருதிக்கு அப்புறம். 1998-ல் இருங்காட்டுக்கோட்டையில் சான்ட்ரோ வந்தபோது கண்ணாடிக் குழாய் பழங்கதை ஆகியிருந்தது. நிறத்தைப் பார்த்தே ஆம்பியர் சொல்லலாம். பழுப்பு 7.5, சிவப்பு 10, நீலம் 15, மஞ்சள் 20, நிறமில்லாதது 25, பச்சை 30. தலையில் எண்ணும் இருக்கும். இதில் எனக்குப் பிடித்தது வேறு. தலையில் ரெண்டு சின்ன ஓட்டை வழியாக உள்ளே உலோகம் தெரியும். சாவியைப் போட்டு, டெஸ்ட் லாம்ப்பின் ஒரு முனையை எர்த்தில் வைத்து, மறு முனையால் ரெண்டு ஓட்டையையும் தொட்டுப் பாருங்கள். ரெண்டிலும் எரிந்தால் ஃப்யூஸ் நல்லது. ஒண்ணில் மட்டும் எரிந்தால் போச்சு. ரெண்டிலும் எரியலைன்னா ஃப்யூஸுக்குக் கரண்டே வரலை, மேலே தேடணும். பிடுங்கிப் பார்க்கவே வேண்டாம்.

பாக்ஸ் பெரும்பாலும் ரெண்டு இருக்கும். டாஷ்போர்டுக்கு அடியில் ஒண்ணு, பானட்டுக்குள்ளே பேட்டரி பக்கம் ஒண்ணு. மூடியின் உட்புறம் எது எதற்கு என்று படம் போட்டிருப்பார்கள், பிடுங்க ஒரு குட்டி இடுக்கியும் அதிலேயே வைத்திருப்பார்கள். ரெண்டிலிருந்து முப்பது, அம்பது என்று ஃப்யூஸ் பெருகினது ஆடம்பரத்துக்காக இல்லை. வைப்பர் போனால் பிரேக் லைட் போகாமல் இருக்க. 2010-ல் நானோ கார்கள் சில தீப்பிடித்தபோது டாடா இலவசமாகச் செய்து கொடுத்த ரெண்டு வேலையில் ஒண்ணு, மின்சுற்றில் கூடுதலாக ஃப்யூஸ் சேர்த்தது.

ஆனா ஃப்யூஸுக்கும் ஒரு எல்லை உண்டு. 2015 டிசம்பர் 1, 2-ல் அடையாறு கரை மீறி கோட்டூர்புரம், சைதாப்பேட்டை பக்கம் கார்கள் கூரை வரை முழுகினபோது அது தெரிந்தது. சேற்றுத் தண்ணீர் வழியாகக் கசியும் கரண்ட் ரொம்பக் கொஞ்சம், 10 ஆம்பியர் ஃப்யூஸ் அதைக் கண்டுகொள்ளவே கொள்ளாது. ஃப்யூஸ் எல்லாம் நன்றாக இருக்கும், உள்ளே முனைகள் பச்சையாக அரித்துப்போயிருக்கும். முழுகின காரில் முதல் வேலை சாவி போட்டுப் பார்ப்பது இல்லை, பேட்டரியின் நெகட்டிவைக் கழற்றுவது. 2024 அக்டோபரில் மழை எச்சரிக்கை வந்ததும் வேளச்சேரிக்காரர்கள் கார்களை மேம்பாலத்தில் கொண்டுபோய் வரிசையாக நிறுத்தினார்களே, சிரித்தவர்கள் சிரித்தார்கள். எனக்கு அது நல்ல புத்தியாகத்தான் பட்டது.

கடைசியா பழைய எலெக்ட்ரீஷியன்களின் ஒரு வித்தை, எந்தக் காருக்கும் செல்லும். புது ஃப்யூஸ் போட்டவுடனே திரும்பத் திரும்பப் போகிறதா? மூணாவது ஃப்யூஸை வீணாக்காதீங்க, பெரிய ஃப்யூஸும் போடாதீங்க. அந்தச் சுற்றில் இருக்கும் சாமான்களை எல்லாம் அணைத்துவிட்டு, ஃப்யூஸ் இருக்கும் இடத்தில் ரெண்டு ஒயரோடு ஒரு 21 வாட் இண்டிகேட்டர் பல்பை மாட்டுங்கள். ஷார்ட் இருந்தால் பல்பு பளிச்சென்று எரியும், ஆனால் 2 ஆம்பியருக்கு மேல் விடாது, ஒயர் கருகாது. அப்புறம் நிதானமாக ஒவ்வொரு இடமாக ஒயரை அசைத்துக்கொண்டே போங்கள். எங்கே அசைக்கும்போது பல்பு அணைகிறதோ, உறை உரிந்த இடம் அங்கேதான்.